சைன்ஃபெல்டில் வருவது ஸ்டைன்பிரென்னர் இல்லை

'சைன்ஃபெல்ட் என்ற அமெரிக்க நகைச்சுவைத் தொலைக்காட்சித் தொடரில் ஜார்ஜ் என்ற பாத்திரத்தின் முதலாளியாக, நியூயார்க் யாங்கீஸ் பேஸ்பால் அணியின் அப்போதைய உரிமையாளர் ஜார்ஜ் ஸ்டைன்பிரென்னரே நடித்தார்' என்று ஒருவர் எழுதியிருக்கிறார். அது தவறு. அந்தக் காட்சிகளை மறுபடி ஒருமுறை பாருங்கள்: மேஜைக்குப் பின்னால் ஒரு முதுகும், ஓயாமல் ஆடும் இரண்டு கைகளும்தான் தெரியும். முகம் தெரியவே தெரியாது. முதுகு லீ பேர் என்ற நடிகருடையது. மூச்சு விடாமல் பேசும் அந்தக் குரல் தொடரை உருவாக்கியவர்களில் ஒருவரான லாரி டேவிடுடையது. எனக்கென்னவோ அசல் ஆளே வந்திருந்தாலும் இவ்வளவு சிரிப்பு வந்திருக்காது.

இந்தக் குழப்பத்துக்கு ஒரு காரணம் உண்டு. 1996-இல் ஏழாவது சீசனின் கடைசி எபிசோடுக்காக ஸ்டைன்பிரென்னரை நிஜமாகவே வரவழைத்துப் படம் பிடித்தார்கள். ஆனால் ஒளிபரப்பில் அந்தக் காட்சி வரவில்லை, வெட்டிவிட்டார்கள்.

அதற்காக அவர் திரைப்பக்கமே வராதவர் என்றும் நினைக்க வேண்டாம். 1990 அக்டோபரில் 'சாட்டர்டே நைட் லைவ்' என்ற நகைச்சுவை நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கினார். அணி நிர்வாகத்திலிருந்து அவரை விலக்கி வைத்து மூன்று மாதம்கூட ஆகாத நேரம் அது! 1994-இல் வந்த 'தி ஸ்கவுட்' படத்திலும் அவராகவே தலைகாட்டினார். அப்புறம் ஒரு மில்லர் லைட் பீர் விளம்பரம்: யாங்கீஸ் பயிற்சியாளர் பில்லி மார்ட்டினோடு வாக்குவாதம் முற்றி, 'உனக்கு வேலை போச்சு' என்பார். நிஜத்திலும் மார்ட்டினை வேலைக்கு எடுப்பதும் அனுப்புவதுமாக ஐந்து முறை நடந்தது.

2007-இல் வந்த 'தி பிராங்க்ஸ் இஸ் பர்னிங்' குறுந்தொடரில் ஸ்டைன்பிரென்னராக வருபவரும் அவரில்லை, ஆலிவர் பிளாட்.