சோப்பாக்கல் எண் காஸ்டிக் சோடாவின் அளவு அல்ல

வீட்டில் சோப்பு செய்பவர்களிடையே சுற்றிவரும் குறிப்புகளில் ஒரு கணக்கு அடிக்கடி கண்ணில் படுகிறது. தேங்காய் எண்ணெயின் சபானிஃபிகேஷன் வேல்யூ, அதாவது சோப்பாக்கல் எண், 257, ஆகவே ஒரு கிலோ எண்ணெய்க்கு 257 கிராம் காஸ்டிக் சோடா. எண் சரிதான், எண்ணெயும் சரிதான், பெருக்கலிலும் பிழையில்லை. வெளியே வரும் கட்டி மட்டும் தோலை உரித்துவிடும்.

காரணம் சின்னது. அந்த 257 என்பது காஸ்டிக் பொட்டாஷின் (பொட்டாசியம் ஹைட்ராக்சைடு) எடை, காஸ்டிக் சோடாவின் (சோடியம் ஹைட்ராக்சைடு) எடை அல்ல. ஒரு கிராம் கொழுப்பை முழுவதும் சோப்பாக்க எத்தனை மில்லிகிராம் பொட்டாசியம் ஹைட்ராக்சைடு தேவை என்பதுதான் சோப்பாக்கல் எண். சோடியம் ஹைட்ராக்சைடின் மூலக்கூறு எடை 40, பொட்டாசியம் ஹைட்ராக்சைடுக்கு 56.1. ஆக, எண்ணை 0.713 ஆல் பெருக்கினால்தான் சோடாவின் கணக்கு வரும். 257 கிராம் பொட்டாஷ் செய்யும் வேலையை 183 கிராம் சோடா செய்துவிடும். மீதி 74 கிராம் வேலையில்லாமல் கட்டிக்குள்ளேயே உட்கார்ந்திருக்கும். தண்ணீரும் சேர்த்து ஒன்றரைக் கிலோவுக்குச் சற்று மேல் வரும் கலவையில் இது நாலரை சதவீதம். குளியல் சோப்புக்கான இந்தியத் தரநிலை அனுமதிக்கும் தனிக் காரம், அதாவது வினைபுரியாமல் எஞ்சும் காரம், 0.05 சதவீதம். கிட்டத்தட்ட தொண்ணூறு மடங்கு!

இதைக் கணக்குப் பிழை என்று மட்டும் சொல்லிவிட்டுப் போக மனம் வரவில்லை. 'சபானிஃபிகேஷன்' என்ற சொல்லே நம்மிடையே குழைந்துபோய்க் கிடக்கிறது என்பது என் கருத்து. எண்ணெயும் காரமும் கெட்டியாவதையும் அந்தப் பெயரால் சொல்கிறார்கள், அச்சில் ஊற்றி மூடி வைப்பதையும் சொல்கிறார்கள், நாலு வாரம் காயவைப்பதையும் அப்படியே சொல்கிறார்கள். கடையில் வாங்கிய சோப்பு பேஸை உருக்கி நிறமும் மணமும் சேர்த்து ஊற்றுவதற்கும் இதே பெயர்தான். கடைசியாகச் சொன்னதில் ஒரு துளி சோப்பாக்கல்கூட நடப்பதில்லை. அந்த வினை தொழிற்சாலையிலேயே முடிந்துவிட்டது.

சொல்லின் பொருள் மிகக் குறுகலானது. எஸ்டர் பிணைப்பு (அமிலமும் ஆல்கஹாலும் கோர்த்துக்கொண்ட இணைப்பு) ஒன்றைக் காரம் உடைத்து, ஒரு பக்கம் அமிலத்தின் உப்பையும் மறுபக்கம் ஆல்கஹாலையும் தருவது, அவ்வளவுதான். எண்ணெய் மூலக்கூறு என்பது கிளிசரால் ஒன்றின் மூன்று கைகளிலும் மூன்று கொழுப்பு அமிலங்கள் எஸ்டராகக் கோர்த்தது. மூன்று கைகளையும் விடுவிக்க மூன்று மூலக்கூறு காரம் வேண்டும். உடைந்த அமிலம் உடனே உப்பாகிவிடுவதால் திரும்பிப்போய் ஒட்ட வழியில்லை. அமிலத்தைக் கொண்டு எஸ்டரை நீராற்பகுத்தால் வினை பாதியில் சமநிலைக்கு வந்து நின்றுவிடும், காரத்தோடு செய்தால் முடிவுவரை போகும். இந்த ஒருவழித்தன்மையால்தான் இதை அளவெடுக்கும் சோதனையாகவே வைத்துக்கொள்ள முடிகிறது.

லத்தீனில் சோப்புக்கு 'சாப்போ' என்று பெயர். அதிலிருந்து வந்த சொல் என்பதால் சோப்பு வந்தால்தான் சபானிஃபிகேஷன் என்று நினைக்க வேண்டாம். எத்தில் அசிட்டேட்டைக் காரத்தில் கொதிக்கவிட்டால் சோடியம் அசிட்டேட்டும் எத்தனாலும் வரும். நுரை வராது, ஆனாலும் வேதியியலாருக்கு அது சபானிஃபிகேஷன்தான். மறுபக்கம், ஸ்டியரிக் அமிலத்தில் காஸ்டிக் சோடா சேர்த்தால் நல்ல சோப்பு வரும். அதில் உடைய எஸ்டர் எதுவும் இல்லை, ஆகவே அது நடுநிலையாக்கல் மட்டுமே. சோப்பு வந்தும் சோப்பாக்கல் இல்லை! தமிழில் 'சோப்பாக்கல்' என்று பெயர் வைத்ததில் இந்தக் குழப்பம் இன்னும் கொஞ்சம் கூடித்தான் விட்டது.

எண் எப்படி வருகிறது என்று தெரிந்தால் அதை யாரும் தவறாகப் பயன்படுத்த மாட்டார்கள். 1879இல் கோட்ஸ்டோர்ஃபர் என்ற வேதியியலாளர் வெண்ணெயில் வேறு கொழுப்பு கலந்திருக்கிறதா என்று பார்க்க வகுத்த முறை இது. வெண்ணெய்க் கொழுப்பில் ப்யூட்டிரிக் அமிலம் போன்ற குட்டைச் சங்கிலிகள் உண்டு. சங்கிலி குட்டையானால் மூலக்கூறு இலேசாக இருக்கும், ஒரு கிராமில் அதிக மூலக்கூறுகள் அடங்கும், காரமும் அதிகம் செலவாகும். இன்றைக்கும் சாரம் அதுவே. லாரிக் அமிலம் மட்டுமே கொண்ட கொழுப்புக்குக் கணக்குப்படி 263 வரும், ஒலியிக் அமிலம் மட்டும் என்றால் 190. தேங்காய் எண்ணெய் 248 முதல் 265 வரையும், நல்லெண்ணெய் 186 முதல் 195 வரையும், கடலை எண்ணெய் 187 முதல் 196 வரையும், ஆமணக்கு 176 முதல் 187 வரையும் நிற்பது இதனால்தான்.

ஆய்வகத்தில் 2 கிராம் எண்ணெயைத் துல்லியமாக நிறுத்துக் குடுவையில் எடுத்து, அரை நார்மல் செறிவுள்ள ஆல்கஹாலிய பொட்டாஷ் (ஆல்கஹாலில் கரைத்த பொட்டாஷ்) 25 மில்லி சேர்த்து, ஆவியைக் குளிர்வித்துத் திருப்பி அனுப்பும் கண்டென்சரை மேலே பொருத்தி ஒரு மணி நேரம் மெதுவாகக் கொதிக்கவிட வேண்டும். எண்ணெய் இல்லாமல் இன்னொரு குடுவையில் அதே கரைசல், அதே நேரம், அதே சூடு. இதுதான் பிளாங்க். பிறகு காரத்தில் இளஞ்சிவப்பு காட்டும் பினால்ப்தலின் என்ற நிறங்காட்டியை விட்டு, சூடு ஆறுமுன் அரை நார்மல் ஹைட்ரோகுளோரிக் அமிலத்தால் தரம் பார்க்க வேண்டும், அதாவது அந்த நிறம் மறைய எத்தனை மில்லி அமிலம் ஆகிறது என்று அளக்க வேண்டும். பிளாங்குக்கு 24.8 மில்லியும் எண்ணெய்க்கு 6.5 மில்லியும் ஆனது என்று வையுங்கள். வித்தியாசம் 18.3. அதை 56.1 ஆலும் 0.5 ஆலும் பெருக்கி 2 ஆல் வகுத்தால் 256.7. தேங்காய் எண்ணெய்.

மாணவர்கள் கோட்டைவிடும் இடம் பெரும்பாலும் பிளாங்க். "வெறும் கரைசல்தானே" என்று அதைக் கொதிக்க வைக்காமல் விட்டுவிடுவார்கள். சூட்டில் காரம் கண்ணாடியையும் கொஞ்சம் தின்னும், காற்றிலிருந்து கரியமில வாயுவையும் இழுத்துக்கொள்ளும். இரண்டு குடுவைக்கும் அந்த இழப்பு சமமாக இருந்தால்தான் கழித்தலில் அடிபட்டுப் போகும். இன்னொன்று ஆல்கஹால். அதில் ஆல்டிஹைடு கலந்திருந்தால் பொட்டாஷ் சேர்த்த சில நாளில் கரைசல் தேன் நிறமாகி, பிறகு பழுப்பாகிவிடும். அதில் இளஞ்சிவப்பு மறைவது யார் கண்ணுக்கும் தெரியாது. வேப்பெண்ணெய் மாதிரி தானே கறுத்த எண்ணெய்களுக்கும் இதே தொல்லை, அங்கே நிறங்காட்டியை மாற்றத்தான் வேண்டும். தரம் பார்க்கும்போது தண்ணீரைத் தாராளமாக ஊற்றிவிடுவதும் தவறு. சோப்பே தண்ணீரில் சற்று நீராற்பகுப்பு அடைந்து காரத்தன்மை காட்டும், முடிவுப் புள்ளி இழுத்துக்கொண்டே போகும்.

இனி அடுப்படிக் கணக்கு. 600 கிராம் தேங்காய் எண்ணெய், 300 கிராம் நல்லெண்ணெய், 100 கிராம் ஆமணக்கு எண்ணெய். எண்களை 257, 190, 180 என்று எடுத்துக்கொண்டால் பொட்டாஷ் 154.2, 57, 18, கூட்டினால் 229.2 கிராம். 0.713 ஆல் பெருக்கினால் 163.4 கிராம் சோடா. இதில் ஐந்து சதவீதம் குறைத்தால் 155.3. இந்தக் குறைப்பைத்தான் சூப்பர்ஃபேட் என்கிறார்கள். எண்ணெயின் எண் மரத்துக்கு மரம், பருவத்துக்குப் பருவம் நகரும் என்பதால் இந்தக் குறைப்பு தோலுக்குச் செய்யும் சலுகை மட்டுமல்ல, நம் அறியாமைக்கு விட்டுவைக்கும் இடம். வெறும் தேங்காய் எண்ணெய் சோப்பு என்றால் 15 முதல் 20 சதவீதம்வரை குறைப்பார்கள், அந்தச் சோப்பு எண்ணெய்ப் பசையை அத்தனை வேகமாக எடுத்துவிடும்.

கணக்கு இன்னும் முடியவில்லை. டப்பாவில் 98 சதவீதம் என்று போட்டிருந்தால் 155.3ஐ 0.98 ஆல் வகுத்து 158.5 கிராம் எடுக்க வேண்டும். திரவ சோப்புக்கு வாங்கும் பொட்டாஷ் செதில்களில் 85 முதல் 90 சதவீதம்தான் பொட்டாஷ், மீதி பெரும்பாலும் தண்ணீர். அதை நூறாக எண்ணிப் போட்டால் எண்ணெய் மிதக்கும். மூடி சரியில்லாத டப்பா என்றால் டப்பாவில் போட்ட சதவீதத்தையும் நம்ப வேண்டாம், ஈரம் உறிஞ்சிய சோடா எடையில் மட்டுமே சோடா. தராசு ஒரு கிராம் துல்லியமாவது காட்ட வேண்டும். கப், ஸ்பூன் கணக்கில் காஸ்டிக் சோடா சொல்லும் குறிப்பைப் பார்த்தால் அங்கேயே மூடிவிடுங்கள்.

சோடாவின் இரண்டு மடங்கு எடைத் தண்ணீர், இங்கே ஏறத்தாழ 320 கிராம். சோடாவைத்தான் தண்ணீரில் போட வேண்டும், தண்ணீரைச் சோடாவின் மேல் ஊற்றக்கூடாது. கரைசல் 80, 90 டிகிரிக்குச் சட்டென்று ஏறும். அலுமினியப் பாத்திரம் வேண்டவே வேண்டாம், காரம் அலுமினியத்தைத் தின்று ஹைட்ரஜனைக் கிளப்பும். எவர்சில்வர் போதும். கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடி, கைக்குக் கையுறை இல்லாமல் தொட வேண்டாம். காரக் கரைசல் பட்ட விரல் வழவழக்கிறதே, அது தோலின் கொழுப்பு சோப்பாகிக்கொண்டிருப்பதும்தான். ஓடும் தண்ணீரில் கால் மணி நேரம் கழுவுங்கள். வினிகர் தேடி ஓடுவது வீண்.

பெயர் குழப்பத்தில் மிக மோசமானது 'சோடா'. ஆப்பச் சோடா பைகார்பனேட், சலவைச் சோடா கார்பனேட். இரண்டும் எண்ணெயை இந்த வழியில் உடைக்கப் போதாது. சுண்ணாம்பு உடைக்கும், ஆனால் வருவது தண்ணீரில் கரையாத கால்சியம் சோப்பு. போர் தண்ணீரில் குளித்தபின் வாளி ஓரத்தில் படியும் வெள்ளைப் பிசுக்கும் அந்த இனம்தான்.

கலவை மோர்க்குழம்புப் பதத்துக்கு வருவதை ட்ரேஸ் என்பார்கள். அது எண்ணெயும் நீரும் இனிப் பிரியாது என்ற அளவுக்குக் குழைந்ததன் அடையாளம், வினை முடிந்ததன் அடையாளம் அல்ல. பாமாயிலோ வேறு கெட்டிக் கொழுப்போ ஆறிப்போனாலே பொய்யாக ட்ரேஸ் காட்டும், அச்சில் ஊற்றிய பின் அடியில் காரநீர் பிரிந்து நிற்கும். வினையின் பெரும்பங்கு ஊற்றிய ஒன்றிரண்டு நாளில் முடிந்துவிடுகிறது. அப்புறம் நாலு முதல் ஆறு வாரம் காயவைப்பது தண்ணீர் வெளியேறிக் கட்டி இறுகத்தான். 74 கிராம் அதிகமாகப் போட்ட சோடா ஆறு மாதம் வைத்தாலும் எண்ணெயைத் தேடிப் போகாது, அங்கே எண்ணெயே மிச்சமில்லை.

எலுமிச்சைச் சாறு சேர்த்து பிஹெச்சை 5.5க்குக் கொண்டுவந்தோம் என்கிற விளம்பரமும் இதே வகை. உண்மையான சோப்பு 9, 10 அருகில்தான் நிற்கும். அமிலம் ஊற்றிக் கீழே இறக்கினால் கொழுப்பு அமிலம் பிரிந்து கலங்கிப்போகும். சோப்புக் கரைசலில் நாலு சொட்டு எலுமிச்சை விட்டுப் பார்த்தாலே தெரியும். கலவையிலேயே சிட்ரிக் அமிலம் சேர்த்தால் அதன் ஒவ்வொரு கிராமும் 0.625 கிராம் சோடாவை முதலில் தின்றுவிடும், எண்ணெய்க்குப் பற்றாது.

'கெமிக்கல் இல்லாத சோப்பு' பற்றி ஒரே வரி: லேபிளில் சோடியம் கோகோயேட் என்றிருந்தால் அது தேங்காய் எண்ணெயும் காஸ்டிக் சோடாவும் வினைபுரிந்து வந்ததுதான்.

எண்ணெய்க் கலப்படம் கண்டுபிடிக்க இந்த எண் உதவுமா என்று கேட்பவர்களுக்கு: பாதிதான். தேங்காய் எண்ணெயில் 20 சதவீதம் பாமாயில் கலந்தால் 257 கீழிறங்கி 246 ஆகும், மாட்டிக்கொள்ளும். 10 சதவீதம் கலந்தால் 251, வரம்புக்குள்ளேயே தப்பித்துவிடும். கொழுப்பில் இரட்டைப் பிணைப்பு எவ்வளவு என்று காட்டும் அயோடின் எண்ணையும் சேர்த்துப் பார்த்தால் தப்ப முடியாது, தேங்காய்க்கு அது பத்துக்குள் அடங்கும், பாமாயிலுக்கு ஐம்பதைத் தாண்டும். மினரல் ஆயில் கலப்புக்கு வேறு வழி. அதில் எஸ்டரே இல்லாததால் எண் பூஜ்யம். 1 மில்லி எண்ணெயை 25 மில்லி அரை நார்மல் ஆல்கஹாலிய பொட்டாஷில் தெளியும்வரை கொதிக்கவிட்டு, 25 மில்லி வெந்நீரை ஓரமாக ஊற்றிக் குலுக்க வேண்டும். சோப்பாகாத மினரல் ஆயில் இருந்தால் கலங்கும்.

புது வீட்டுச் சுவரில் எனாமல் பெயிண்ட் பிசுபிசுத்து உரிவதும் சபானிஃபிகேஷன்தான். ஈரம் காயாத சிமெண்ட் பூச்சின் காரம் பெயிண்டிலுள்ள எண்ணெய் எஸ்டரை உடைத்துவிடுகிறது. குறைந்தது நாலு வாரம் பூச்சைக் காயவிட்டு, காரம் தாங்கும் பிரைமர் ஒரு கை அடித்த பிறகே எனாமலைத் திறக்கச் சொல்வது அதற்குத்தான். உரிந்த இடத்தைச் சுரண்டாமல் மேலேயே இன்னொரு கை எனாமல் அடித்தால் அதுவும் அடுத்த ஈரத்தில் சோப்பாகிக் கழன்றுவிடும்.