பாட்டைக் காட்டியவர்

தொலைக்காட்சியில் ஒரு பாட்டு நிகழ்ச்சி பிடித்துப்போனால் பாடியவரைக் கொண்டாடுகிறோம், இசையமைத்தவரைக் கொண்டாடுகிறோம். அதை நம் கண்ணுக்குக் கொண்டுவந்த இயக்குநர் யார் என்று கேட்பதில்லை. இது பெரிய அநியாயம். பிரெஞ்சுத் தொலைக்காட்சி இயக்குநர் ழான்-கிறிஸ்தோஃப் அவெர்தியின் (1928–2017) வேலையைப் பார்த்தவர்கள் நான் சொல்வதை ஒப்புக்கொள்வார்கள்.

1963இல் பிரான்சில் இருந்தது ஒரே சேனல், அதுவும் அரசுடையது. பிடிக்கவில்லை என்றால் பெட்டியை அணைக்க வேண்டியதுதான். அந்தச் சேனலில்தான் அவர் ‘லே ரெசேன் வேர்’ என்ற நிகழ்ச்சியில் குழந்தைப் பொம்மைகளை இறைச்சி அரைக்கும் இயந்திரத்தில் போட்டு அரைத்துக் காட்டினார். கண்டனக் கடிதங்கள் குவிந்தன. அவர் அசரவில்லை, மறுபடியும் அரைத்தார்!

ஆனால் அவருடைய பெருமை அந்தப் பரபரப்பில் இல்லை. நடிகரை ஒரே நிறத்தில் அமைந்த வெற்றுப் பின்னணியின் முன் நிறுத்துவார். அந்தப் பின்னணியை மின்னணு முறையில் நீக்கிவிட்டு, அங்கே ஓர் ஓவியத்தைப் பொருத்துவார். ஸ்டூடியோவில் கணினி இல்லாத காலம் அது. நடிப்பவருக்கோ தாம் எந்தக் காட்சிக்குள் நிற்கிறோம் என்பதே கண்ணுக்குத் தெரியாது. சாய்ந்துகொள்ளச் சுவர் இருக்காது, ஏறப் படி இருக்காது; இருப்பதுபோல் அளந்து அசைய வேண்டும். 1971 டிசம்பரில் ஒளிபரப்பான ‘மெலோடி’யைப் பாருங்கள். பிரெஞ்சுப் பாடகர் செர்ஜ் கேன்ஸ்பூரின் இசைத்தொகுப்பு முழுவதையும், அந்தப் பாடகரையும் நடிகை ஜேன் பர்கினையும் மாக்ஸ் எர்ன்ஸ்ட், மாக்ரித் போன்றோரின் ஓவியங்களுக்குள் உலவவிட்டுப் படமாக்கியிருக்கிறார். பாட்டுக் காட்சிகளுக்கென்றே வந்த அமெரிக்கச் சேனலான எம்டிவி பிறக்க இன்னும் பத்து ஆண்டுகள் இருந்தன.

இத்தனை வித்தை தெரிந்தவர், ஜாஸ் என்று வந்துவிட்டால் அத்தனையையும் மூட்டை கட்டி வைத்துவிடுவார். என்னை மிகவும் கவர்ந்தது இதுதான். தென் பிரான்சின் ழுவான்-லெ-பேன் ஊரில் நடக்கும் ஜாஸ் விழாவைப் பல ஆண்டுகள் படம்பிடித்தவர் அவர். 1965இல் அங்கே அமெரிக்க சாக்சஃபோன் கலைஞர் ஜான் கோல்ட்ரேனின் குழு வாசித்த கறுப்பு வெள்ளைக் காட்சிகளில் தந்திரம் எதுவும் கிடையாது. சாக்சஃபோனை ஊதும் அந்த முகத்தின் அருகிலேயே கேமரா பொறுமையாக நிற்கிறது. பழைய இசைத்தட்டுகளைத் தேடித்தேடிச் சேர்த்து, 1978 முதல் 2006 வரை வானொலியில் நிகழ்ச்சி நடத்திய ரசிகர் அவர். எங்கே விலகி நிற்க வேண்டும் என்பது அவருக்குத் தெரியாமல் இருக்குமா?

இன்றைய பாட்டுப் போட்டிகளைப் பார்க்கும்போது எனக்கு ஆத்திரமாக வருகிறது. பாடுகிறவர் உச்சத்தை எட்டும் அதே நொடியில் நடுவரின் கண்ணீருக்குத் தாவிவிடுகிறார்கள். மூச்சு எப்படி எடுக்கிறார், கழுத்து நரம்பு எப்படிப் புடைக்கிறது, எதையும் பார்க்க விடுவதில்லை. வித்தையும் கிடையாது, பொறுமையும் கிடையாது.

அந்தக் கோல்ட்ரேன் காட்சிகளை இணையத்தில் பகிர்பவர்கள் வாசித்த நால்வரின் பெயர்களையும் தவறாமல் எழுதுகிறீர்கள். தயவுசெய்து அவெர்தியின் பெயரையும் சேர்த்து எழுதுங்கள்.