செபி சான்றிதழ் படம் இருந்தால் போதுமா?

வண்ணாரப்பேட்டை, தண்டையார்பேட்டை பக்கத்து வாட்ஸ்அப் குழுக்களில் ஒரு ஃபார்வர்டு சுற்றுகிறது: "செபி அங்கீகாரம் பெற்ற டிரேடிங் ஆப். தினமும் 3% லாபம் உறுதி. எடுக்கும்போது மட்டும் 20% வரி கட்டினால் போதும்." கீழே முத்திரையோடு ஒரு சான்றிதழ் படம்.

இது பொய். பங்குச் சந்தையைக் கண்காணிக்கும் அரசு அமைப்பான செபியிடம் பதிவுபெற்ற எந்த புரோக்கருக்கும் லாபத்துக்கு உத்தரவாதம் தர அனுமதி கிடையாது. படத்தை யார் வேண்டுமானாலும் தயாரிக்கலாம், அசல் நிறுவனத்தின் பதிவு எண்ணையே திருடியும் போடுவார்கள். அதனால் எண்ணோடு நிற்காமல், பணம் எந்தக் கணக்குக்குப் போகிறது என்று பாருங்கள். எம்.சி. ரோடு துணிக்கடைக்காரர் ஒருவர் எனக்குக் காட்டிய ஆப்பில் லாபம் பச்சையில் ஏறிக்கொண்டே இருந்தது. பணம் கட்டச் சொன்னதோ யாரோ ஒரு தனிநபரின் சேமிப்புக் கணக்குக்கு!

செபி இணையதளத்தில் பதிவுபெற்ற புரோக்கர்களின் பட்டியல் இருக்கிறது. அங்கேயே 'செபி செக்' என்ற வசதியில் யுபிஐ ஐடியையும் வங்கிக் கணக்கையும் சரிபார்க்கலாம். பங்கு உண்மையிலேயே வாங்கியிருந்தால், நம் பங்குகளை மின்னணு வடிவில் வைத்திருக்கும் நிறுவனங்களான என்எஸ்டிஎல் அல்லது சிடிஎஸ்எல் தரும் கணக்கு அறிக்கையில் தெரியும். அப்புறம் அந்த 20% வரி: பங்கு லாபத்துக்கான வருமான வரியை நாம்தான் அரசுக்குக் கட்டுகிறோம். பணத்தை விடுவிக்க புரோக்கரிடம் முன்கூட்டிக் கட்டுவதில்லை.

தயவுசெய்து அந்த ஃபார்வர்டை யாருக்கும் அனுப்பாதீர்கள். ஏற்கெனவே பணம் போட்டிருந்தால் 'வரி' கட்டாமல் உடனே சைபர் மோசடிப் புகார் எண்ணான 1930-க்கு அழையுங்கள்.