‘220 கழித்தல் வயது’ தாண்டினால் மாரடைப்பா?

காரைக்குடி பக்கம் வாட்ஸ்அப் குழுக்களில் ஒரு செய்தி சுற்றுகிறது: “220-இலிருந்து வயதைக் கழியுங்கள். ஓடும்போது இதயத்துடிப்பு அதைத் தாண்டினால் மாரடைப்பு நிச்சயம்.” இது தவறு.

அந்தக் கணக்கு ஒரு சராசரி, ஆபத்துக் கோடு அல்ல. 50 வயதுக்கு 170 வருகிறது. ஆனால் அதே வயதில் ஒருவருடைய உச்சத் துடிப்பு 158 ஆகவும் இன்னொருவருக்கு 182 ஆகவும் இருக்கலாம், இரண்டுமே இயல்புதான்.

நம் செட்டிநாட்டு வெயிலையும் இந்தச் செய்தி கணக்கில் எடுக்கவில்லை. சூடு தணிய உடல் ரத்தத்தைத் தோலுக்கு அதிகம் அனுப்புகிறது. வியர்வையால் ரத்தத்தின் நீர்ப்பகுதியும் குறைகிறது. அப்போது ஒவ்வொரு துடிப்பிலும் இதயம் தள்ளும் ரத்தம் குறையும், அதை ஈடுகட்ட அது வேகமாகத் துடிக்கும். மார்கழியில் ஓடிய அதே வேகத்தில் சித்திரையில் ஓடினாலும் துடிப்பு கூடுவது இதனால்தான். அப்புறம், கைக்கடிகாரங்கள் சில நேரம் காலடி எண்ணிக்கையையே துடிப்பாகக் காட்டிவிடும்.

எனக்குக் கவலை வேறு. இதயத்துடிப்பைக் குறைக்கும் பீட்டா பிளாக்கர் மாத்திரை சாப்பிடுபவருக்குத் துடிப்பு மற்றவர்களுக்கு ஏறும் அளவுக்கு ஏறாது. ‘எண் குறைவு, பயமில்லை’ என்று அவர் நம்பிவிடக்கூடும். நெஞ்சில் அழுத்தம், தலைசுற்றல், வழக்கத்துக்கு மாறான மூச்சுத்திணறல் வந்தால், எண் எதுவானாலும் ஓட்டத்தை நிறுத்தி உடனே மருத்துவமனைக்குச் செல்லுங்கள்.