சிரிக்க வைத்தவருக்கு வாசிக்கத் தெரியாதா?

நேற்றிலிருந்து இணையத்தில் சுற்றிக்கொண்டிருக்கும் அந்தச் சிறந்த கிட்டார் கலைஞர்கள் பட்டியலைப் பார்த்திருப்பீர்கள். அமெரிக்கக் கிராமிய இசையான 'கன்ட்ரி' இசையின் கலைஞர் ராய் கிளார்க்கின் பெயர் அதில் இல்லை என்பது என் வருத்தமல்ல. பட்டியல் போடுவது அவரவர் உரிமை. "அவர் வைக்கோல் கட்டுமேல் உட்கார்ந்து ஜோக்கடித்தவர்தானே" என்று அவரைப் பற்றிப் பட்டியல் போட்டவர் எழுதியதும், அதற்கு விழுந்த சிரிப்பு ஸ்மைலிகளும்தான் என்னை எழுத வைத்தன.

ஆம், ஜோக்கடித்தார். 1969-இல் பாடகர் பக் ஓவன்ஸுடன் சேர்ந்து, பாட்டும் நகைச்சுவையும் கலந்த 'ஹீ ஹா' தொலைக்காட்சி நிகழ்ச்சியை நடத்தத் தொடங்கினார். இரண்டே ஆண்டுகளில், கிராமத்து வாடை வீசிய நிகழ்ச்சிகளையெல்லாம் அதை ஒளிபரப்பிய சி.பி.எஸ். தொலைக்காட்சி மொத்தமாகக் கழித்துக்கட்டியபோது இதுவும் போயிற்று. ஆனால் உள்ளூர் நிலையங்கள் ஒவ்வொன்றாக வாங்கி ஒளிபரப்பியதால் இருபது ஆண்டுகளுக்கு மேல் அது ஓடியது. 1986-இல் ஓவன்ஸ் விலகிய பிறகும் கிளார்க் விலகவில்லை.

நகைச்சுவை மட்டம் என்பீர்கள். சில நேரம் மட்டம்தான்; சோளக்கொல்லைக்குள்ளிருந்து தலைநீட்டிச் சொன்ன ஜோக்குகளில் பாதியை என்னாலேயே சகிக்க முடியாது. அதனால் அவருக்கு வாசிக்கத் தெரியாது என்று ஆகிவிடுமா? பதின்ம வயதிலேயே பாஞ்சோ என்ற தந்தி வாத்தியத்துக்கான தேசியப் போட்டியில் இருமுறை வென்றவர், 'அலபாமா ஜூபிலி' வாசிப்புக்காகக் கிராமி வாங்கியவர், 2009-இல் கன்ட்ரி இசையின் 'ஹால் ஆஃப் ஃபேம்' என்ற கௌரவப் பட்டியலில் இடம்பெற்றவர். இவையெல்லாம் ஜோக்குக்குக் கிடைத்தவை என்று பட்டியல் போட்ட பெருந்தகை கருதினால் நான் குறுக்கே நிற்கவில்லை.

1975-இல் 'தி ஆட் கப்பிள்' தொலைக்காட்சித் தொடரில் அவர் 'மலகேன்யா' என்ற இசையைக் கிட்டாரில் வாசித்த காட்சியைப் பாருங்கள். வலது கை விரல்கள் தனித்தனியாகத் தெரியாத வேகத்தில் தந்திகளின் மேல் ஓடுகின்றன. அந்த விரல்கள் ஒரு கோமாளியுடையவை என்றால், அப்படிப்பட்ட கோமாளியாக இருக்க எத்தனை வித்வான்கள் வரிசையில் நிற்பார்களோ!

தீவிரக் கலைஞர் இப்படிப் பல்லைக் காட்டுவாரா என்று கேட்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். நானும் திருவிழாக் கச்சேரிகளில் பன்னிரண்டு ஆண்டுகள் கிட்டார் வாசித்தவன். பாடகி தண்ணீர் குடிக்கும் இடைவெளியில் கூட்டம் கலையாமலிருக்க இரண்டு வார்த்தை வேடிக்கையாகப் பேசுவேன். ஒருநாள் ஒத்திகையில், குழுவை நடத்தியவர் புதிதாகச் சேர்ந்த பையனிடம் என்னைக் காட்டி, "இவர்தான் நம்ம காமெடி" என்றார். என் மடியில் கிட்டார் இருந்தது. அரை மணி நேரமாக அதைத்தான் சுருதி சேர்த்துக்கொண்டிருந்தேன்.

சொந்தக் கதையை இழுக்கிறேன் என்பீர்கள். இழுக்கத்தான் செய்கிறேன். சரி, கிளார்க்கிடமே திரும்புகிறேன். அமெரிக்க பேஸ்பால் வீரர் மிக்கி மான்டில், தன் இறுதிச் சடங்கில் 'யெஸ்டர்டே, வென் ஐ வாஸ் யங்' என்ற பாடலைப் பாட வேண்டும் என்று கேட்டுக்கொண்டது இந்த "ஜோக்கடித்தவரை"த்தான்; 1995-இல் கிளார்க் போய்ப் பாடினார்.

இதற்கும் சிரிப்பு ஸ்மைலி போட நினைப்பவர்கள் தாராளமாகப் போடலாம். முதலில் அந்த 'மலகேன்யா' காணொளியை ஒலியைக் கூட்டி வைத்து ஒருமுறை முழுதாகப் பார்த்துவிட்டு வந்து போடுங்கள்.