ஓமனாவின் இருபது ஆண்டுகள்

2006-இல் வந்த ‘வேட்டையாடு விளையாடு’ படத்தில், கொலைகாரர்கள் இருவரையும் பார்த்து ஓரினச் சேர்க்கையாளர்களா என்று காவல் அதிகாரி ஏளனமாகக் கேட்பார். செய்த கொலைகளைவிட அதுதான் பெரிய இழிவு என்பதுபோல் ஒலிக்கும் கேள்வி அது. தமிழ்ப் படங்களில் தன்பாலீர்ப்பாளர்கள் நெடுங்காலம் வில்லன்களாகவோ, நெளிந்து நடந்து அடிவாங்கும் கோமாளிகளாகவோதான் வந்தார்கள். மலேசியாவில் 2010-இல் தணிக்கை தளர்ந்தபோதும் ஒரு நிபந்தனை ஒட்டிக்கொண்டது: அத்தகைய பாத்திரம் முடிவில் திருந்த வேண்டும், இல்லையேல் சாக வேண்டும்.

மலேசியாவில் எங்கள் ஊரான சுங்கை சிப்புட் பக்கம் இதைத் தணிக்கையாளர் சொல்லித் தெரிந்துகொள்ளத் தேவையில்லை. மகன் கல்யாணப் பேச்சைத் தட்டிக்கழித்தால், “ஒரு கால்கட்டுப் போட்டால் சரியாகிவிடும்” என்பார்கள். தோட்டத்து லயங்களை (தொழிலாளர் வரிசை வீடுகளை) விட்டுத் தாமான் எனும் குடியிருப்புப் பகுதி வீடுகளுக்கு வந்த பிறகும் இந்த வைத்தியத்தை நாம் விடவில்லை. கோலாலம்பூருக்கு வேலைக்குப் போய்த் தீபாவளிக்கு மட்டும் தலைகாட்டும் பிள்ளைகளிடம் யாரும் காரணம் கேட்பதில்லை. அவசரத்தில் கட்டிவைக்கப்பட்ட பெண்களைப் பற்றியோ பேச்சே கிடையாது.

அதனால்தான் 2023-இல் வந்த ‘காதல் தி கோர்’ மலையாளப் படத்தை நம் பெற்றோர் பார்க்க வேண்டும் என்கிறேன். மம்மூட்டி தாமே தயாரித்து, உள்ளூர்த் தேர்தலில் நிற்கும், தன்பாலீர்ப்பை மறைத்து வாழும் மேத்யூவாக நடித்திருக்கிறார். அந்த நேரத்தில் மனைவி ஓமனா விவாகரத்துக் கேட்டு நீதிமன்றம் போகிறாள். ஜோதிகா அவளைக் கத்தவிடவில்லை. கணவனைத் தூற்றாமல், இருபது ஆண்டுகளில் தனக்குக் கிடைக்காததைச் சொல்கிறாள். இந்தப் பிரிவு மேத்யூவுக்கும் விடுதலை என்பது அவளுக்குத் தெரியும். எல்லாம் தெரிந்தே மணமுடித்து வைத்த மேத்யூவின் தகப்பனார் அதே வீட்டில் உட்கார்ந்திருக்கிறார். எனக்கு மேத்யூமீது வராத கோபம் அவர்மீது வந்தது.

அந்தப் படத்தில் இரண்டு ஆண்கள் முத்தமிடும் காட்சி ஒன்றுகூட இல்லை. ஆபாசம் என்று முகம் சுளிப்பவர்கள் எதைக் கண்டு சுளிக்கிறார்கள்? தமிழிலும் 2025-இல் ‘காதல் என்பது பொதுவுடைமை’ வந்துவிட்டது. மகள் தன் காதலியை வீட்டுக்கு அழைத்துவர, முற்போக்கு பேசிய தாயே தடுமாறுகிறாள். கோமாளியைக் காட்டிய இடத்தில் குடும்பத்தைக் காட்டத் தொடங்கியதுதான் பெரிய மாற்றம்.

நம் நாட்டில் தமிழ்த் தொடர் எடுப்பவர்களிடம் கேட்கிறேன். மாமியார் சண்டையையே எத்தனை காலம் எடுப்பீர்கள்? புகுந்த வீட்டார் தெரிந்தே ஏமாற்றிய ஒரு மருமகளின் கதையை எழுதுங்கள். செம்பனைத் தோட்டம், கோயில், கடைத்தெரு எல்லாம் இங்கே இருக்கின்றன. படப்பிடிப்புக்கு வீடு வேண்டுமானால் எங்கள் வீட்டைத் தருகிறேன்.