குழாயடிச் சண்டை என்றீர்களே, அண்ணா

நான்கு நாளாக எழுத வேண்டாம் என்றுதான் இருந்தேன். நம் சினிமாக் குழுவின் ஞாயிற்றுக்கிழமை ஆன்லைன் கூட்டத்தில் என்ன நடந்தது என்பது இங்கே பாதிப் பேருக்குத் தெரியும். மீதிப் பேருக்கு இதற்குள் ஸ்கிரீன்ஷாட் வந்து சேர்ந்திருக்கும். அதனால் முதலிலிருந்து கதை சொல்லப் போவதில்லை. என் பிரச்சினை ஒரே ஒரு சொல்லோடுதான். குழாயடிச் சண்டை.

அமெரிக்கப் பள்ளிக்கூடத்துப் பெண் கோஷ்டிகளைக் காட்டும் 'மீன் கேர்ள்ஸ்' படத்தைப் பற்றி நான் பேச ஆரம்பித்து ஐந்து நிமிடம்கூட ஆகியிருக்காது. நம் மரியாதைக்குரிய அண்ணன் மைக்கை ஆன் செய்து, "பொம்பளைப் பிள்ளைங்க குழாயடிச் சண்டைக்கு இவ்வளவு பெரிய ஆராய்ச்சியா?" என்றார். அவர் சொன்னதுகூடப் பரவாயில்லை. அதன் பிறகு வரிசையாக வந்து விழுந்த சிரிப்பு பொம்மைகள்தான் மனதில் தைத்தன. மொத்தம் 11. ஆமாம், எண்ணினேன். அந்தப் பதினொரு பேரில் மூன்று பேர் வருடா வருடம் அக்டோபர் 3 அன்று (படத்தில் ஒரு வசனத்தில் வரும் தேதி) இதே படத்தின் மீமைப் பகிர்கிறவர்கள் என்பதையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

அது குழாயடிச் சண்டை இல்லை. அதிகாரச் சண்டை. ஞாயிற்றுக்கிழமை இதைச் சொல்லி முடிக்க விடவில்லை, இப்போது என் பக்கத்தில், என் நேரத்தில் சொல்கிறேன்.

இரண்டு ஆண்கள் ஒரு நாற்காலிக்காக மூன்று மணி நேரம் வெட்டிக்கொண்டு செத்தால் அதற்கு நாம் என்ன பெயர் வைக்கிறோம்? காவியம். துரோகம், விசுவாசம், வாரிசுப் போட்டி என்று பக்கம் பக்கமாக எழுதுகிறோம். அண்ணனே எழுதியிருக்கிறார், நானும் போய் ஹார்ட் போட்டிருக்கிறேன். அதே துரோகமும் விசுவாசமும் வாரிசுப் போட்டியும் பள்ளிக்கூடச் சாப்பாட்டு மேஜையில் நான்கு பெண்களுக்கு நடுவில் நடந்தால் மட்டும் குழாயடிக்குப் போய்விடுகிறது.

படத்தின் தொடக்கத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். ஆப்பிரிக்காவில் விலங்கியலாளர்களான பெற்றோருடன் வளர்ந்து, வீட்டிலேயே படித்த கேடி, 16 வயதில் முதல்முறையாகப் பள்ளிக்கூடம் வருகிறாள். அவள் கைக்கு வருவது சாப்பாட்டுக் கூடத்தின் வரைபடம். எந்த மேஜையில் எந்த கோஷ்டி, எங்கே உட்காரலாம், எங்கே உட்காரக்கூடாது என்று கையால் வரைந்தது. தேர்தல் நேரத்துத் தொகுதிப் பங்கீடு மாதிரி இருக்கும். இதைப் பார்த்துச் சிரிக்கலாம், நானும் சிரித்தேன். ஆனால் புதிதாக ஒரு பள்ளிக்குப் போய், கையில் தட்டோடு எங்கே உட்காருவது என்று தெரியாமல் நின்றவர்களுக்கு அந்த வரைபடம் எவ்வளவு துல்லியமானது என்று தெரியும்.

இன்னொன்று. இது யாரோ மாலைப் பொழுதில் உட்கார்ந்து கற்பனையாக ஊதிய கதை இல்லை. வளரிளம் பெண்களோடு வருடக்கணக்கில் வேலை செய்த ரோசலிண்ட் வைஸ்மன், பெற்றோர்களுக்காக 2002இல் எழுதிய புத்தகம்தான் இதற்கு மூலம். நாவல் இல்லை, கதாநாயகி இல்லை, கதையே இல்லாத வழிகாட்டிப் புத்தகம். அதிலிருந்து டீனா ஃபே ஒரு திரைக்கதையை உருவாக்கினார். படத்தில் கணக்கு டீச்சராக வருவதும் அவரேதான். 2004இல் வந்த படம், பிறகு நியூயார்க்கின் பிராட்வே நாடக மேடைக்குப் போய், 2024இல் பாட்டோடு மறுபடி திரைக்கும் வந்துவிட்டது. குழாயடிச் சண்டைக்கு இருபது வருடம் ஆயுள் என்றால் அந்தக் குழாயை நானும் பார்க்க வேண்டும்.

அண்ணன் தம்பி விஷயமும் ஒன்று உண்டு. அமெரிக்கப் பள்ளிக்கூட கோஷ்டிகளை வைத்து 1989இல் 'ஹெதர்ஸ்' என்று ஒரு படம் வந்தது. ஹெதர் என்றே பெயர் கொண்ட மூன்று பெண்கள் பள்ளியை ஆள்வார்கள். அதில் கொலையே நடக்கும், அவ்வளவு கருப்பான நகைச்சுவை. திரையரங்கில் ஓடவில்லை. அதை எழுதியவர் டேனியல் வாட்டர்ஸ். 15 வருடம் கழித்து 'மீன் கேர்ள்ஸ்' படத்தை இயக்கிய மார்க் வாட்டர்ஸ் அவருடைய தம்பி. எனக்கு இது தற்செயலாகத் தெரியவில்லை. அண்ணன் ரத்தத்தோடு சொன்னதைத் தம்பி இளஞ்சிவப்பு உடை போட்டுச் சொன்னார், அப்போதுதான் ஊர் கேட்டது. ஞாயிற்றுக்கிழமை நான் சொல்ல வந்தது இவ்வளவுதான். சொல்லியிருந்தால் மூன்று நிமிடம் ஆகியிருக்கும்.

"நகைச்சுவைப் படம்தானே, ரசித்துவிட்டுப் போகாமல் எதற்கு இவ்வளவு சீரியஸ்?" இதை எழுதப் போகிறவர்கள் யார் யார் என்றுகூட எனக்குத் தெரியும்.

சரி, சீரியஸான ஆட்களிடமே போவோம். ஜேம்ஸ் கோல்மன் என்ற சமூகவியலாளர் அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தின் பத்து உயர்நிலைப் பள்ளிகளை ஆராய்ந்து 1961இல் ஒரு புத்தகம் வெளியிட்டார். பள்ளியில் உன்னை எப்படி நினைவு வைத்துக்கொள்ள வேண்டும் என்று விரும்புகிறாய் என்று பிள்ளைகளைக் கேட்டார். நன்றாகப் படித்தவனாகவா, விளையாட்டு வீரனாகவா, எல்லோருக்கும் தெரிந்தவனாகவா? பையன்களிடம் படிப்பு ஜெயிக்கவில்லை. விளையாட்டு வீரன்தான் முன்னால் நின்றான். பெரியவர்கள் மதிப்பெண் பட்டியல் தயாரித்துக்கொண்டிருக்கும்போது பிள்ளைகள் தங்களுக்குள் வேறொரு பட்டியல் வைத்திருக்கிறார்கள் என்பதுதான் அவர் சொன்னது. அதுவும் இல்லினாய்தான், 'மீன் கேர்ள்ஸ்' கதை நடப்பதும் இல்லினாயில்தான். படத்தில் கேடி கணக்கில் கெட்டிக்காரி, ஒரு பையனுக்காகத் தெரியாத மாதிரி நடிக்கிறாள். கோல்மன் பார்த்திருந்தால் தலையாட்டியிருப்பார்.

இன்னும் ஒன்று சொல்கிறேன், இதுதான் எனக்கு முக்கியம். பிள்ளைகளிடம் "உனக்கு யாரைப் பிடிக்கும்?" என்று கேட்டால் ஒரு பட்டியல் வரும். "இங்கே யார் பாப்புலர்?" என்று கேட்டால் வேறொரு பட்டியல் வரும். இரண்டும் ஒன்றில்லை என்பதை உளவியலாளர்கள் 1990களிலேயே எழுதிவிட்டார்கள். கெத்தாக இருப்பவளை எல்லோருக்கும் தெரியும், பலருக்கு அவளைப் பிடிக்காது. ஆனாலும் அவள் முடி வெட்டினால் நாமும் வெட்டுவோம். படத்தில் அந்தப் பள்ளியின் ராணி ரெஜினாவின் சட்டையில் மார்புப் பக்கம் இரண்டு ஓட்டை போட்டுவிடுவார்கள், அவமானப்படுத்தத்தான். பிறகு மற்ற பெண்களும் அதேபோல ஓட்டை போட்டுக்கொண்டு வருவார்கள். பிடிப்பதற்கும் பின்பற்றுவதற்கும் உள்ள தூரத்தை இதைவிடச் சுருக்கமாக யார் காட்டியிருக்கிறார்கள்?

இனிமேல் சொல்லப் போவது அண்ணனுக்கு இல்லை. எனக்கு.

ராபர்ட் ஃபாரிஸ், டயான் ஃபெல்ம்லி என்று இரண்டு ஆய்வாளர்கள், வட கரோலினாவில் 3,000க்கும் மேற்பட்ட மாணவர்களை வைத்துச் செய்த ஆய்வு 2011இல் வெளிவந்தது. வதந்தி கிளப்புவது, ஒதுக்கி வைப்பது, அடிப்பது, இதையெல்லாம் அதிகம் செய்வது யார்? ஏணியின் கடைசிப் படியில் இருப்பவர்கள் இல்லை. உச்சாணியில் இருக்கும் இரண்டு சதவீதமும் இல்லை. மேலே ஏறிக்கொண்டிருப்பவர்கள்தான். ஏற ஏற அது கூடுகிறது, உச்சிக்குப் போய்விட்டால் இறங்கிவிடுகிறது. உச்சியில் இருப்பவளுக்கு அதற்கு மேல் எதற்காகக் கடிக்க வேண்டும்?

இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.

ஒன்பதாம் வகுப்பில் எங்களுக்கும் ஒரு ராணி இருந்தாள். ஜன்னலோர பெஞ்ச் அவளுடைய செட்டுக்கு. நான் அந்த செட்டில் இருந்தேனா என்றால், இருந்தேன், ஓரத்தில். இன்றைய பாஷையில் அல்லக்கை. அவள் சிரித்தால் நான் அரை நொடி கழித்துச் சிரிப்பேன். அவள் யாரிடமாவது முகத்தை வெட்டினால் அந்த ஆளிடம் நான் ஒரு வாரம் பேச மாட்டேன். வருஷத்தின் நடுவில் புதிதாக ஒரு பெண் வந்து சேர்ந்தாள். காலியாக இருந்த இடம் என் பக்கத்தில்தான், உட்கார்ந்தாள். நன்றாக வரைவாள். என் நோட்டு ஓரத்தில் டீச்சர்களை எல்லாம் பறவைகளாக வரைந்து வைப்பாள். மூன்று வாரம் நாங்கள் வாயை மூடவே இல்லை.

பிறகு ஒரு திங்கட்கிழமை. அவள் வகுப்புக்குள் வருவதைப் பார்த்ததும் என் பையை எடுத்துப் பக்கத்து இடத்தில் வைத்தேன். அவ்வளவுதான். ஒரு வார்த்தை பேசவில்லை. அவள் பையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், பின்னால் போய்விட்டாள்.

ராணி என்னிடம் அப்படிச் செய்யச் சொல்லவில்லை. அவளுக்கு அந்தப் பெண்ணின் பெயர்கூடத் தெரிந்திருக்காது. இத்தனை வருடமாக அந்தக் கதையை யாரிடமாவது சொல்லும்போதெல்லாம் "அந்த செட்டு அப்படி" என்றுதான் சொல்லி வந்திருக்கிறேன். பை என்னுடையது என்பதை இங்கேதான் முதலில் எழுதுகிறேன்.

"ஆகா, சொந்தக் காயத்தைப் படத்தின் மேல் ஏற்றுகிறீர்கள்" என்பீர்கள். ஏற்றுகிறேன். நீங்கள் உங்கள் அப்பாவை எந்தெந்தப் படத்தின் மேல் ஏற்றியிருக்கிறீர்கள் என்று உங்கள் பழைய பதிவுகளில் தேடினால் கிடைக்கும். அதையெல்லாம் விமர்சனம் என்றுதான் நாங்கள் படித்தோம்.

"இந்தப் படங்கள் ராணிகளைத் திட்டுகிற சாக்கில் கொண்டாடவும் செய்கின்றனவே, பெண்கள் ரெஜினா மாதிரி ஆகத்தானே ஆசைப்படுகிறார்கள்?" நியாயமான கேள்வி. உண்மைதான், ஆசைப்படுகிறார்கள். அதற்கு இன்னொரு நாள் பதில் எழுதுகிறேன்.

"பள்ளிக்கூடம் முடிந்தால் எல்லாம் மறந்துபோகும்" என்பதுதான் எனக்குத் தாங்க முடியாதது. முடிகிறதா? செவ்வாய்க்கிழமை ஒரு புது வாட்ஸ்அப் குழு ஆரம்பித்திருக்கிறீர்கள். பழைய குழுவில் இருந்த எல்லோரும் அதில் இருக்கிறார்கள். எனக்கு எப்படித் தெரியும் என்று மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டாம், ஒருவர் தவறிப்போய் அங்கே அனுப்ப வேண்டியதை எனக்கு அனுப்பிவிட்டார். பழைய குழுவில் இப்போது நானும், எண்ணை மாற்றிக்கொண்டு எப்போதோ போய்விட்ட ஒருவரும்தான் சினிமா பேச வேண்டும். சராசரி வயது நாற்பது இருக்குமா நமக்கு? முடி நரைத்த பிறகும் பெஞ்சில் பை வைக்கிறோம். நீங்களும் சொல்லாமல்தான் வைத்தீர்கள். அண்ணன் கேட்டிருக்கக்கூட மாட்டார், அவர் உச்சியில் இருக்கிறார். ஆரம்பித்தது நடுவில் இருக்கும் யாரோ. அது யார் என்று எனக்குத் தெரிய வேண்டியதில்லை, அந்த ஆள் எப்படி யோசித்திருப்பார் என்பது எனக்கு அத்துப்படி.

படத்தின் முடிவு எனக்குப் பிடிக்காது, அதையும் சொல்லிவிடுகிறேன். பள்ளி நடன விழாவில் ராணியாகத் தேர்வான கேடி தன் கிரீடத்தை உடைத்து ஆளுக்கொரு துண்டாக எல்லோருக்கும் வீசுவாள். கை தட்டலாம், அழகான காட்சி. ஆனால் கிரீடத்தை யாரும் உடைப்பதில்லை. அது அடுத்த தலைக்குப் போகும், அவ்வளவுதான். இந்த விஷயத்தில் 1985இல் வந்த 'த பிரேக்ஃபாஸ்ட் கிளப்' இன்னும் நேர்மையானது. வெவ்வேறு கோஷ்டிகளைச் சேர்ந்த ஐந்து பேர் ஒரு சனிக்கிழமை முழுக்க ஒரே நூலகத்தில் தண்டனைக்காக அடைந்து கிடப்பார்கள். அழுது, சிரித்து, மனம்விட்டுப் பேசிவிட்ட பிறகு ஒருவன் கேட்பான், திங்கட்கிழமை என்ன ஆகும்? நாம் நண்பர்களாக இருப்போமா? மாட்டோம் என்று ஒருத்தி உண்மையைச் சொல்லிவிடுவாள். எல்லோரும் அவள் மேல் பாய்வார்கள். எனக்கு அந்தப் படத்தில் பிடித்த ஒரே ஆள் அந்த நொடியில் அவள்தான்.

எனக்கும் திங்கட்கிழமை வந்தது. அன்று காலையிலிருந்து நான்கு பேர் இன்பாக்ஸில் எழுதியிருக்கிறார்கள். "நீங்க சொன்னதுதான் சரி, அங்க சொல்ல முடியல", "அண்ணன் பேசினது கஷ்டமா இருந்துச்சு, மனசுல வச்சுக்காதீங்க" என்று. அதில் இரண்டு பேர் அந்தச் சிரிப்பு பொம்மை போட்ட பதினொரு பேரில் இருந்தவர்கள். பதில் போடவில்லை. கோபத்தால் இல்லை. என்ன எழுதுவது என்று தெரியவில்லை, ஒன்பதாம் வகுப்பில் அந்தப் பெண்ணிடமும் நான் அப்படித்தான் பிறகு போய்ப் பேசினேன். மைதானத்தின் மூலையில், செட்டு இல்லாத நேரமாகப் பார்த்து. அவள் கேட்டுக்கொண்டாள், சரி என்றாள். அதன் பிறகு என் நோட்டில் பறவை எதுவும் வரவில்லை.

இந்தப் பதிவையும் இன்பாக்ஸில் வந்து பாராட்டப் போகிறவர்களுக்கு: வேண்டாம். கமென்ட் பகுதியை எல்லோருக்கும் திறந்துதான் வைத்திருக்கிறேன்.